நடவாள் பெயர் அடங்கலில் இல்லை

மேட்டூரில் தண்ணி திறந்து, அது கல்லணை தாண்டி, கடைமடை வாய்க்கால் வரைக்கும் வந்து சேர்ந்துவிட்டால் டெல்டாவில் ஆளுக்கு ஆள் கேட்டுக்கொள்கிற கேள்வி ஒன்றுதான்: "நடவுக்கு ஆள் கிடைக்குமா?"

உழவு ஓட்ட ஆள், வரப்பு வெட்ட ஆள் என்றால் ஆண். நடவாள் என்றால் பெண். இதை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. நாற்றங்காலில் நாற்றைப் பறித்து, முடி கட்டி, வயலில் வீசுகிற வரைக்கும் ஆண்கள் வேலை. அதற்குப் பிறகு இடுப்பை வளைத்து, கணுக்காலுக்கு மேல் சேற்றில் நின்று, பின்னுக்கு நகர்ந்துகொண்டே ஏக்கர் முழுக்கப் பச்சை போடுவது பெண்கள். ஒரு ஏக்கர் ஒரே நாளில் முடிய 15 முதல் 20 பேர் வேண்டும். அந்தச் சேற்றில் நின்று வருகிற சேற்றுப்புண்ணுக்கு மஞ்சளும் வேப்பெண்ணெயும் அவர்கள் வீட்டுச் செலவு.

இன்னொரு பக்கம் பாருங்க. நிலம் இருக்கிற பல குடும்பங்களில் பெண்கள் வயலில் இறங்குவதில்லை. இறங்கினால் கௌரவக் குறைச்சல். ஆனால் விதைநெல்லை நிழலில் ஆறப்போட்டு வெயிலில் காயவைப்பது, பதர் தூற்றுவது, குதிரில் நொச்சி இலையும் வேப்பிலையும் போட்டு மூடுவது, கொட்டில் கூட்டுவது, மாட்டுக்குத் தண்ணி காட்டுவது, ஆள் வேலைக்கு வந்த அன்றைக்குப் பத்து பதினைந்து பேருக்கு உலை வைப்பது எல்லாம் அவர்கள் தலையில். "அம்மா என்ன வேலை செய்யறாங்க?" என்று கேட்டால், "அவங்க சும்மா வீட்டுலதான் இருக்காங்க" என்று பதில் வரும். சில நேரம் அந்தப் பதிலை அந்த அம்மாவே சொல்வார்கள்.

ஆக, சேற்றில் இறங்குகிற பெண்ணுக்கு நிலம் இல்லை. நிலம் இருக்கிற வீட்டுப் பெண்ணுக்குச் சேறு இல்லை. சாதியும் வசதியும் இரண்டு பேரையும் தெருவில் இரண்டு முனையில் வைத்திருக்கின்றன. ஆனால் கிராம நிர்வாக அலுவலர் அடங்கலைப் புரட்டினால், இருவரில் ஒருவர் பெயரும் பெரும்பாலும் அதில் இருக்காது. நாட்டின் 2015-16 வேளாண் கணக்கெடுப்பின்படி சாகுபடி நிலங்களில் பெண்கள் பொறுப்பில் இருப்பவை நூற்றுக்குச் சுமார் 14. வயல் வேலையில் பாதிக்கு மேல் அவர்கள் கையால் நடக்கிற ஊர்களுக்கும் இதுதான் கணக்கு.

2026-ஆம் ஆண்டைப் பெண் உழவர் ஆண்டு என்று ஐக்கிய நாடுகள் சபை அறிவித்திருக்கிறது. அறிவிப்புகளில் நமக்குப் பெரிய நம்பிக்கை கிடையாது. ஆனால் இதைச் சாக்காக வைத்து இயற்கை உழவர்களாகிய நாம் நம் வீட்டையும் வயலையும் ஒருமுறை பார்த்துக்கொள்ளலாம். யார் உழவர்? நம் கூட்டங்களில் மேடையில் இருப்பது யார், அடுப்படியில் இருப்பது யார்?

அரைப்படி நெல்

டெல்டாவில் பெண்ணின் கூலி என்பது பழைய சண்டை. பண்ணையாள் முறை இருந்த காலத்தில் குடும்பமே பண்ணைக்குக் கட்டுப்பட்டது. ஆண் ஏர் பிடிப்பான். பெண் நடவும் களையும் அறுப்பும் போக, பண்ணை வீட்டு மாட்டுத்தொழுவத்துச் சாணியையும் அள்ள வேண்டும். கைக்குழந்தையை வரப்போரத்து மரத்தில் தூளி கட்டிப் போட்டுவிட்டு வயலில் இறங்குவார்கள். பால் கொடுக்கக் கரையேறினால் ஏச்சு விழும். சாணிப்பால், சாட்டையடி என்று டெல்டா முழுக்க இன்றும் நினைவில் வைத்திருக்கும் தண்டனைகள் அந்தக் காலத்தவை.

அதை எதிர்த்துச் சங்கம் கட்டியவர்களில் மணலூர் மணியம்மை ஒருவர். அக்ரகாரத்தில் பிறந்து இளம் வயதிலேயே விதவையானவர். முடியைக் கத்தரித்துக்கொண்டு, வேட்டியும் சட்டையும் போட்டுக்கொண்டு, சேரித் தெருக்களில் கூட்டம் போட்டவர். 1953-ல் ஒரு கலைமான் முட்டி இறந்துபோனார். எழுத்தாளர் ராஜம் கிருஷ்ணன் அவருடைய வாழ்க்கையைத் தேடித் திரிந்து 'பாதையில் பதிந்த அடிகள்' என்ற நாவலாக எழுதினார். கீழத் தஞ்சையில் நிலம் வைத்திருப்பவர்கள் ஒவ்வொருவரும் படிக்க வேண்டிய புத்தகம் என்பது என் எண்ணம்.

1952-ல் தஞ்சாவூர் சாகுபடியாளர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. சட்டம் வந்ததும் பல பண்ணைகள் பண்ணையாளை நிறுத்திவிட்டுத் தினக்கூலிக்கு மாறிக்கொண்டன. கூலி எத்தனை படி என்பது அடுத்த சண்டையானது. அந்தச் சண்டையின் உச்சம்தான் 1968 டிசம்பர் 25 இரவு, கீழ்வெண்மணி. கூலி நெல்லை அரைப்படி கூட்டிக் கேட்டார்கள், சங்கத்துக் கொடியை இறக்க மறுத்தார்கள். ஒரே குடிசைக்குள் வைத்து 44 பேரை எரித்தார்கள். இறந்தவர்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். அடுத்த ஆண்டு கீழத் தஞ்சைக்கு நியாயக் கூலிச் சட்டம் வந்தது. அந்த அரைப்படி நெல்லைத் தினமும் அளந்து வாங்கிக் குத்தி உலையில் போடும் கை எது என்பதை யோசித்தால், அது யாருடைய போராட்டம் என்பது புரியும்.

ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே வேலைக்கு ஒரே கூலி என்று 1976-லேயே சட்டம் வந்துவிட்டது. வயலில் அது நுழையவில்லை. "அது வேற வேலை, இது வேற வேலை" என்று சொல்லித் தப்பித்துக்கொள்கிறோம். நாற்றுப் பறிக்கிறவர் மதியத்துக்குள் முடித்துக் கரையேறினாலும் அவருக்குக் கூலி அதிகம். சாயங்காலம் வரை குனிந்தே நிற்கிறவருக்குக் குறைவு. 2005-ல் வந்த ஊரக வேலை உறுதிச் சட்டம்தான் பெண்ணுக்கும் ஆணுக்கும் ஒரே கூலி என்பதைக் கிராமத்தில் முதன்முதலாகக் கண்ணில் காட்டியது. "நூறு நாள் வேலை வந்துதான் விவசாயம் கெட்டுச்சு" என்று நம் கூட்டங்களிலும் பேசுகிறவர்கள் உண்டு. அந்த அம்மா நம் வயலுக்கு வரவில்லை என்றால் நாம் கொடுத்த கூலி எவ்வளவு என்பதையும் சேர்த்துச் சொல்லிவிட்டுப் பேசலாம்.

எந்திரம் எடுத்துக்கொண்ட நாட்கள்

1960-ல் தஞ்சாவூர் மாவட்டம் தீவிர வேளாண்மைத் திட்டத்துக்குத் தேர்வானது. பிறகு ஆடுதுறை 27 வந்தது, உரமூட்டை வந்தது. ஒரு போகம் இருபோகமானபோது நடவு நாட்களும் களை நாட்களும் கூடத்தான் செய்தன. அந்தக் கொஞ்சக் காலத்தில் பெண்களுக்கு வேலை நாள் கிடைத்தது உண்மை. அதை மறைத்துப் பேச வேண்டியதில்லை.

பிறகு ஒவ்வொன்றாகப் போனது. முதலில் களை. நட்ட மூன்றாம் நாள் மணலில் கலந்து தூவுகிற களைக்கொல்லி கடைக்கு வந்ததும், பத்துப் பெண்கள் நாள் முழுக்கச் செய்த வேலையை ஒரு ஆண் அரை மணி நேரத்தில் தூவிவிட்டுப் போனான். பிறகு அறுப்பு. அறுவடை எந்திரம் ஒரு ஏக்கரை ஒரு மணி நேரத்தில் முடிக்கிறது. கதிர் அறுத்து, கட்டு கட்டி, களத்துமேட்டில் அடித்து, தூற்றி, அளந்து கூலி நெல் வாங்கிப் போன பெண்களுக்கு எந்திரத்தின் பின்னால் சிந்திய கதிர் பொறுக்குவது மட்டும் மிஞ்சியது. கடைசியாக நடவு எந்திரம். தண்ணி தாமதமாக வரும் வருஷங்களில் நேரடி நெல் விதைப்பு. அதில் நடவே இல்லை.

எந்திரம் வந்தது தப்பு என்று நான் சொல்ல வரவில்லை. நாள் முழுக்கக் குனிந்து நிற்கிற இடுப்புக்கு அது எத்தனை பெரிய விடுதலை என்பதை நட்டுப் பார்த்தவர்களிடம் கேட்கணும். "என் மவளுக்கு இந்தச் சேறு வேணாம் சாமி" என்று சொல்லாத நடவாள் இல்லை. அந்த மகள்கள் இன்று கல்லூரிக்குப் போகிறார்கள், திருப்பூர்ப் பனியன் கம்பெனிக்குப் போகிறார்கள், செவிலியர் ஆகிறார்கள். போகட்டும். என் கேள்வி வேறு. எந்திரத்தை ஓட்டுகிறவர் ஆண், வாடகைக்கு விடுகிறவர் ஆண், அதற்கு மானியம் வாங்குகிறவர் பட்டா வைத்திருக்கிற ஆண். உடம்பு நோகிறவரை அது பெண்ணின் வேலையாக இருந்தது. பட்டன் வைத்ததும் ஆணின் வேலையாகிவிட்டது.

களைக்கொல்லி கூலியோடு சேர்த்துக் கறியையும் எடுத்துக்கொண்டது. களை பறிக்கப் போகிற பெண் வெறும் கையோடு வீடு திரும்பியதில்லை. மடியில் ஆரைக்கீரை இருக்கும். வரப்பில் பொன்னாங்கண்ணி, கரிசலாங்கண்ணி, வல்லாரை. வாய்க்காலில் நத்தை, வயல் நண்டு, கெண்டை, கெளுத்தி. பறித்த புல் ஒரு கட்டு, வீட்டில் கட்டியிருக்கிற ஆட்டுக்கும் மாட்டுக்கும். காசு கொடுக்காமல் ஒரு ஏழை வீட்டுக்கு வந்த சத்துணவு அது. யாரும் அதைக் கூலியில் எழுதவில்லை, அதனால் அது போனபோது நட்டம் என்றும் யாரும் எழுதவில்லை. எந்திரம் அறுத்த வயலில் வைக்கோலும் நொறுங்கிப் போகிறது. குட்டை ரக நெல்லில் வைக்கோல் ஏற்கெனவே குறைவு. மாடு குறைந்ததற்கு இதுவும் ஒரு காரணம். மாடு குறைந்தால் வீட்டில் பெண் கையில் புரள்கிற பால் காசும் நிற்கிறது.

நம்ம கணக்கு சரியா?

இயற்கை வழிக்குத் திரும்பினால் இதில் பலது திரும்பி வருகிறது. களைக்கொல்லி இல்லாத வயலில் ஆரைக்கீரை வரும். நத்தையும் நண்டும் வரும். நெட்டை ரகம் போட்டால் வைக்கோல் வரும், மாடு வரும். களை பறிக்க ஆள் தேவைப்படும், கூலி நாள் கூடும். இதெல்லாம் நாம் மேடையில் பெருமையாகச் சொல்கிறவை. சொல்லலாம், உண்மைதான்.

ஆனால் கூடவே ஒன்றைச் சொல்வதில்லை. இயற்கை வேளாண்மையில் கூடுகிற வேலை யார் தலையில் கூடுகிறது?

ஒரு ஏக்கருக்கு ஜீவாமிர்தம் என்றால் 10 கிலோ சாணி, 10 லிட்டர் கோமியம், 2 கிலோ வெல்லம், 2 கிலோ பயறு மாவு, ஒரு கைப்பிடி வரப்பு மண், 200 லிட்டர் தண்ணி. இரண்டு நாள் வைத்து, காலையும் மாலையும் கலக்க வேண்டும். செய்முறை நமக்கெல்லாம் மனப்பாடம். விடியக்காலை மாடு கோமியம் விடுகிற நேரம் பார்த்துப் பாத்திரத்தோடு நிற்பது யார்? பயறு திரிப்பது யார்? பஞ்சகவ்யத்துக்குத் தயிர் புளிக்க வைத்து, நெய் உருக்கி, மூன்று வாரத்துக்குக் குறையாமல் தினம் இரண்டு வேளை கிளறி விடுவது யார்? பூச்சிவிரட்டிக்கு நொச்சி, எருக்கு, வேம்பு, ஆடாதொடை பறித்து வந்து உரலில் இடிப்பது யார்? எல்லா வீட்டிலும் பெண்தான் என்று சொல்ல மாட்டேன். தானே செய்கிற ஆண்கள் உண்டு, அவர்களுக்கு வணக்கம். ஆனால் பத்துப் பண்ணைக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்து இதற்குப் பதில் சொல்லுங்கள்.

பிறகு வரவு செலவு எழுதும்போது "இடுபொருள் செலவு: இல்லை. வீட்டிலேயே தயாரித்தது" என்று போடுகிறோம். உரக்கடைக்குக் கொடுத்த காசு மிச்சம் என்று சந்தோஷப்படுகிறோம். அந்தக் காசு எங்கும் மிச்சமாகவில்லை. இரண்டு மணி நேரம் முன்னால் எழுந்த ஒரு பெண்ணின் தூக்கமாக அது மாறியிருக்கிறது. ஒரு நோட்டுப் புத்தகத்தில் ஒரு போகத்துக்கு மட்டும் அந்த மணிக்கணக்கை எழுதி, ஊரில் பெண்ணுக்குக் கொடுக்கிற நாள் கூலியால் பெருக்கிப் பாருங்கள். மூட்டைக்கு என்ன விலை வைக்க வேண்டும் என்பதே மாறிவிடும். நுகர்வோரிடம் நியாய விலை கேட்பதற்கு நமக்கு இருக்கிற பெரிய ஆதாரம் அந்தக் கணக்கு. அதை நாமே சுழி போட்டு எழுதிவிட்டு, விலை கட்டவில்லை என்று புலம்பிக்கொண்டிருக்கிறோம்.

ஒற்றை நாற்று நடவையும் எடுத்துக்கொள்வோம். நல்ல முறை. ஏக்கருக்கு இரண்டு மூன்று கிலோ விதை போதும். பதினான்கு நாள் நாற்று, கயிறு பிடித்துச் சதுரமாக நடவு, பத்து நாளைக்கு ஒருமுறை கோனோவீடர். தொடக்கத்தில் நடவாட்கள் இதை வெறுத்தார்கள். மெல்லிசு நாற்று, கயிறு நகர்த்துகிற தாமதம், பழகின கைவேகம் செல்லாது. பழகிய பிறகு குறைந்த ஆட்களோடு நட்டார்கள். ஆனால் கோனோவீடர் வந்ததும் களை எடுப்பு ஆண் வேலையாக நகர்ந்தது. கருவி ஆணின் உயரத்துக்கும் கைபலத்துக்கும் செய்யப்பட்டது. கனமும் கூட. பெண்ணின் உயரத்துக்குக் கைப்பிடியைக் குறைத்து, எடையைக் குறைத்துச் செய்து தர முடியாதா? ஊர்ப் பட்டறையில் அரை நாள் வேலை அது. கருவியைப் பிடிக்கிற கை மாறினால் கூலியும் மாறுகிறது என்பதால் இதைச் சின்ன விஷயமாகத் தள்ள முடியாது.

விதையிலும் இதே கதைதான். நெல் ஜெயராமன் 2006-லிருந்து ஆதிரெங்கத்தில் நெல் திருவிழா நடத்தி, இரண்டு கிலோ விதை கொடுத்து அடுத்த வருஷம் நான்கு கிலோவாகத் திரும்ப வாங்கினார். அதனால்தான் மாப்பிள்ளைச் சம்பாவும் காட்டுயானமும் பூங்காரும் இன்று நம் வயலில் நிற்கின்றன. அந்த விதை ஒரு வருஷம் வீட்டில் கலப்பில்லாமல், வண்டு விழாமல், எலி தொடாமல் இருந்தது ஒரு பெண்ணின் கைப்பக்குவத்தால். பூங்கார் அரிசியைப் "பெண்களுக்கான அரிசி" என்று எழுதி ஒட்டி விற்கிறோம். அந்தப் பையின் பின்பக்கம் உற்பத்தியாளர் பெயர் என்ன என்று திருப்பிப் பாருங்கள்!

கடன் அவர் பெயரில், நிலம் இவர் பெயரில்

இன்று டெல்டாவில் ஆண்கள் பலர் ஊரில் இல்லை. வெளிநாடு, சென்னை, திருப்பூர், கட்டட வேலை. வயலைப் பார்ப்பது மனைவி. தண்ணி பாய்ச்சுவது, ஆள் பிடிப்பது, டிராக்டர்காரரோடு வாடகை பேசுவது, கொள்முதல் நிலையத்தில் மூட்டையோடு இராத்திரி காவல் இருப்பது வரை அவர்கள்தான். ஆனால் கொள்முதல் நிலையத்தில் சிட்டா, அடங்கல் கேட்பார்கள். கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடனுக்குச் சிட்டா கேட்பார்கள். காப்பீட்டுக்கும் அதேதான். வெள்ள நிவாரணத்துக்கும், இப்போது வந்திருக்கிற உழவர் அடையாள எண்ணுக்கும் நில ஆவணம்தான் சாவி. எல்லாவற்றிலும் இருப்பது வீட்டுக்காரர் பெயர், பல வீடுகளில் செத்துப்போன மாமனார் பெயர். நமக்கு வேண்டிய அங்ககச் சான்றிதழும் இந்த வரிசையில் நிற்கிறது.

மகளிர் குழுக் கடன் மட்டும் பெண் பெயரில் கிடைக்கும். அந்தக் கடனை வாங்கித்தான் பல வீட்டில் சம்பா நடவு நடக்கிறது. வாராவாரம் தவணை கட்டுவது அவர் பொறுப்பு. பயிர் முழுகிப்போனால் நிவாரணம் வரவாவது பட்டாதாரர் கணக்குக்கு. 2016-17-ல் காவிரியும் மழையும் சேர்ந்து பொய்த்தபோது, 2018 நவம்பரில் கஜா அடித்தபோது, இந்தக் கோணல் எவ்வளவு கொடுமையானது என்று டெல்டா பார்த்தது. புருஷன் போன வீட்டில் கடன் உடனே பெண்ணின் பெயருக்கு மாறிவிடும். பட்டா மாற வருஷக்கணக்காகும்.

எம்.எஸ். சுவாமிநாதன் கும்பகோணத்தில் பிறந்தவர். பசுமைப் புரட்சி விஷயத்தில் அவரோடு நமக்கு இருக்கிற சண்டை தீராத சண்டை. ஆனால் இந்த ஒன்றில் அவர் சரியாகப் பேசினார். நிலம் பெயரில் இருந்தாலும் இல்லாவிட்டாலும், உழவு வேலை செய்கிற பெண்ணை உழவர் என்று அங்கீகரித்துச் சான்று கொடுக்க வேண்டும் என்று மகளிர் உழவர் உரிமை மசோதாவை 2012-ல் மாநிலங்களவையில் தனிநபர் மசோதாவாகக் கொண்டுவந்தார். 2013-ல் அது காலாவதியானது. அதோடு சரி.

காகிதம் தானாக மாறாது என்பதற்கும், ஒருவர் பிடிவாதமாக நின்றால் மாறும் என்பதற்கும் நம் டெல்டாவிலேயே சாட்சி இருக்கிறது. கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதன் 1926-ல் திண்டுக்கல் பக்கத்தில் நிலமற்ற தலித் குடும்பத்தில் பிறந்தவர். வினோபாவின் பூதான இயக்கத்தில் நடந்தவர். கீழ்வெண்மணிக்குப் பிறகு கணவர் ஜெகந்நாதனோடு கீழத் தஞ்சைக்கு வந்து தங்கிவிட்டார். 1981-ல் உழுபவரின் நில உரிமைக்காக லாஃப்டி என்ற அமைப்பைத் தொடங்கினார்கள். நிலக்காரரையும் நிலமற்றவரையும் ஒரே பாயில் உட்காரவைத்து விலை பேசுவது, வங்கியில் கடன் ஏற்பாடு செய்வது, ஏக்கர் ஏக்கராகப் பிரித்துப் பத்திரம் பதிவது. இப்படிச் சுமார் 13,000 குடும்பங்களுக்குத் தலா ஒரு ஏக்கர் என்ற கணக்கில் நிலம் போனது. பத்திரம் பெண் பெயரில். ஆண் பெயரில் போனால் அது சாராயத்துக்கோ அவசரக் கடனுக்கோ கை மாறிவிடும், பெண் விற்க மாட்டாள் என்பது அவர்கள் கண்டறிந்த பாடம். அதே பெண்கள்தான் 1990-களில் நாகைக் கடலோரத்தில் இறால் பண்ணைகள் வந்து குடிதண்ணீரும் வயலும் உப்பானபோது அவற்றின் முன்னால் போய் உட்கார்ந்தார்கள். ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில் 1996 டிசம்பரில் உச்சநீதிமன்றம் இறால் பண்ணைகளுக்கு எதிராகத் தீர்ப்புச் சொன்னது. கையில் ஒரு ஏக்கர் பட்டா இருந்தால் அதற்கு உப்புத்தண்ணி வரும்போது குரலும் வருகிறது. கிருஷ்ணம்மாளுக்கு 2020-ல் பத்மபூஷண் கொடுத்தார்கள்.

நிலம் உள்ள குடும்பத்துப் பெண்களுக்கு வருவோம். இந்துக் குடும்பங்களில் மகளுக்கும் பூர்வீகச் சொத்தில் சமபங்கு என்று தமிழ்நாடு 1989-லேயே சட்டத்தைத் திருத்தியது. ஆனால் அதற்கு முன் கல்யாணம் ஆன மகள்களை விட்டுவிட்டது. 2005-ல் மத்திய சட்டத் திருத்தம் அந்த வேறுபாட்டையும் நீக்கியது. அப்பா 2005-ல் உயிரோடு இருந்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை கிடையாது, பிறப்பாலேயே பங்கு உண்டு என்று 2020 ஆகஸ்டில் உச்சநீதிமன்றம் தெளிவாக்கியது. சட்டம் இவ்வளவு தெளிவு. நடப்பது என்ன? விடுதலைப் பத்திரம். "உனக்குத்தான் நகை போட்டு, சீர் செஞ்சு கட்டிக்கொடுத்தாச்சே, ஒரு கையெழுத்து போட்டுட்டுப் போ தங்கச்சி." போடாவிட்டால் தீபாவளிக்கும் பொங்கலுக்கும் தாய்வீட்டுக் கதவு திறக்காது. போடுகிறார்கள். இயற்கை விவசாயி, மரபுக் காவலர் என்று நாம் கொண்டாடுகிறவர்களின் நிலத்திலும் அக்கா தங்கச்சிகளின் அந்தக் கையெழுத்து இருக்கலாம். மரபு என்று சொல்லி இதையும் சேர்த்துக் காப்பாற்ற வேண்டுமா?

மனசு இருந்தால் வழி சிக்கலானதில்லை. மனைவிக்கோ மகளுக்கோ தான செட்டில்மென்ட் எழுதினால் முத்திரைத் தீர்வை 1 விழுக்காடுதான், உச்சவரம்பு 40,000 ரூபாய். பதிவுக் கட்டணமும் 1 விழுக்காடு, உச்சவரம்பு 10,000. பத்து லட்சம் மதிப்பு வரையுள்ள சொத்தைப் பெண் பெயரில் வாங்கினால் 2025 ஏப்ரல் 1 முதல் பதிவுக் கட்டணத்தில் 1 விழுக்காடு குறைவு. நிலமற்ற ஆதிதிராவிட, பழங்குடி வேளாண் தொழிலாளிப் பெண்கள் நிலம் வாங்கத் தாட்கோவின் நன்னிலம் மகளிர் நில உடைமைத் திட்டம் இருக்கிறது. நிலத்தின் மதிப்பில் பாதி, அதிகபட்சம் 5 லட்சம் ரூபாய் மானியம். பெயரைக் கேட்டு நன்னிலம் தாலுகாவுக்கு மட்டும் என்று நினைத்துவிட வேண்டாம், மாநிலம் முழுவதற்கும் உரியது. உங்கள் வயலில் வருஷக்கணக்காக நடுகிறவர்களுக்கு இந்தத் தகவல் போய்ச் சேர்ந்திருக்கிறதா என்று கேளுங்கள். நீங்களே அரை ஏக்கர், ஒரு ஏக்கர் விற்கிற எண்ணத்தில் இருந்தால், வீட்டுமனைத் தரகரைக் கூப்பிடுவதற்கு முன்னால் அவர்களைக் கூப்பிடுங்கள்.

கோயில் நிலம், மடத்து நிலம் குத்தகை பார்க்கிறவர்களுக்குச் செட்டில்மென்ட் வழி கிடையாது. குத்தகைப் பதிவில் மனைவி பெயரைச் சேர்க்க முடியுமா என்று அந்தந்தக் கோயில் அலுவலகத்திலும் தாசில்தாரிடமும் எழுத்தில் விண்ணப்பம் கொடுத்துத்தான் பார்க்க வேண்டும். நான்கைந்து குடும்பமாகச் சேர்ந்து போனால் நல்லது.

பட்டா மாறும் வரைக்கும் காத்திருக்காமல் செய்யக்கூடியதும் இருக்கிறது. பங்கேற்பு உத்தரவாத முறையில் குழு வைத்திருப்பவர்கள் பண்ணைப் பார்வைக்குப் போகும்போது நிலத்துக்காரரிடம் மட்டும் கேள்வி கேட்டுவிட்டு வராதீர்கள். கரைசல் என்றைக்குப் போட்டது, விதை எங்கிருந்து வந்தது, எந்த வயலில் கலப்பு விழுந்தது என்பதெல்லாம் யாருக்குத் தெரியுமோ அவரிடம் கேளுங்கள். பண்ணைப் பதிவேட்டில் அவர் கையெழுத்தும் இருக்கட்டும். குழுக் கூட்டத்தை மாலை ஆறு மணிக்கு வைத்தால் ஆண்கள் மட்டும்தான் வருவார்கள். அது பால் கறந்து, விளக்கு வைத்து, உலை ஏற்றுகிற நேரம். காலை பதினொரு மணிக்கு வைக்கலாம். சம்பா அறுத்து முடிந்து, உளுந்து பறிக்கக் கூப்பிடுவதற்கு முன்னால் மாசியில் கொஞ்ச நாள் கை ஓய்ந்திருக்கும். பத்திரம் எழுதுவதற்கும் அந்த நாட்கள் தோதானவை.